கருவில் இருக்கும் குழந்தையைக் காணச் செய்த இயன் டொனால்ட்

கர்ப்பிணித் தாயொருவர் ஸ்கேன் பரிசோதனைக்குச் சென்று, கையில் ஒரு கறுப்பு வெள்ளைப் படத்துடன் வீடு திரும்புவது இன்று எமது நகரங்களிலும் கிராமங்களிலும் சர்வசாதாரணமான காட்சியாகிவிட்டது. குழந்தை பிறந்த பின்னர் எடுக்கப்படும் படமே குடும்பத்தின் முதற்படமாக இருந்த காலம் போய், பிறவாத குழந்தையின் படம் அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டுள்ளது. அப்படத்தைப் பார்க்கும் பெற்றோரில் மிகப் பெரும்பாலானோர் குறையேதும் இல்லை என்ற ஆறுதலுடனேயே வெளியே வருகின்றனர். ஒரு சிலருக்கு மாத்திரம், அந்த மங்கலான அறையிலே பரிசோதிக்கும் வைத்தியரின் மௌனம் வழமையைவிட நீண்டுபோகிறது. குழந்தையின் தலையிலோ முதுகெலும்பிலோ இதயத்திலோ ஏதோவொரு குறை தென்படுகிறது. அதன் பின்னர் அந்தக் குடும்பம் எதிர்கொள்ளும் வினாக்களுக்கு இலகுவான விடைகள் இல்லை.

அந்த ஆறுதலுக்கும் இந்த வினாக்களுக்கும் வழிதிறந்தவர்களுள் முதன்மையானவர் ஸ்கொட்லாந்தின் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் மகப்பேற்று மருத்துவப் பேராசிரியராக விளங்கிய இயன் டொனால்ட் ஆவார். ஒலியலைகளைக் கொண்டு உடலின் உள்ளே நோக்கும் முயற்சியில் அவருக்கு முன்னரும் அவரது காலத்திலும் ஒஸ்திரியா, அமெரிக்கா, சுவீடன் ஆகிய நாடுகளில் பலர் ஈடுபட்டிருந்தனர். ஆயினும் கருவுற்ற தாயின் வயிற்றினுள் இருக்கும் சிசுவை வைத்தியரின் கண்முன் கொண்டுவந்து, அதனை அன்றாட மகப்பேற்று மருத்துவத்தின் பகுதியாக்கிய பெருமை அவரது குழுவினரையே சாரும். தாம் உருவாக்கிய கருவி சென்ற திசை முழுவதையும் அவர் விரும்பவில்லை என்பதே அவரது வாழ்வின் கவனிக்கத்தக்க அம்சமாகும்.

இயன் டொனால்ட் 1910ஆம் ஆண்டு டிசம்பர் 27ஆம் திகதி இங்கிலாந்தின் கோர்ன்வால் பிரதேசத்திலுள்ள லிஸ்கியர்ட் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தையார் ஸ்கொட்லாந்து வைத்தியக் குடும்பத்தைச் சேர்ந்தவர். தாயார் பியானோ இசைக் கலைஞர். தந்தையின் உடல்நலக்குறைவு காரணமாகக் குடும்பம் தென்னாபிரிக்காவுக்கு இடம்பெயர்ந்தது. கேப்டவுனுக்கு அண்மையிலுள்ள பாடசாலையில் கற்ற டொனால்ட், 1927இல் பதினாறாவது வயதில், தொண்டைக் கரப்பான் நோய்க்குத் தாயைப் பறிகொடுத்தார். சில மாதங்களுள் தந்தையும் காலமானார். இந்த இழப்புகளின் மத்தியிலும் கேப்டவுன் பல்கலைக்கழகத்தில் கலைப் பட்டம் பெற்றார். கிரேக்க மொழி, பிரெஞ்சு, மெய்யியல், இசை ஆகியன அவரது பாடங்களாக இருந்தன. மருத்துவத்தை ஓர் இயந்திரவியல் துறையாக மாற்றியவர்களுள் ஒருவராகப் பேசப்படும் மனிதர் கலைப்பீடத்திலிருந்து வந்தவர் என்பது, கலை பயின்றவர்களைக் குறைத்து மதிக்கும் எமது சமூகத்தில் ஒருமுறை சொல்லிவைக்க வேண்டிய செய்தியாகும். பின்னர் இலண்டன் சென்று சென். தோமஸ் வைத்தியசாலை மருத்துவக் கல்லூரியில் பயின்று 1937இல் வைத்தியரானார். அதே ஆண்டில் தென்னாபிரிக்காவைச் சேர்ந்த அலிக்ஸ் என்பவரை மணந்தார். அவர்களுக்கு நான்கு பெண்மக்கள்.

இரண்டாம் உலகப் போர் அவரது பாதையைத் திசைதிருப்பியது. 1942இல் பிரித்தானிய விமானப்படையில் மருத்துவ அதிகாரியாக இணைந்த அவர், குண்டுகள் ஏற்றியிருந்த விமானமொன்று விழுந்து தீப்பற்றியபோது அதனுள் நுழைந்து வீரர்களை மீட்டார். அத்துணிவுக்காக 1946இல் எம்.பி.ஈ. விருது வழங்கப்பட்டது. விமானப்படையில் இருந்த காலத்திலேயே எதிரி விமானங்களைக் கண்டறியும் ரேடார், நீர்மூழ்கிகளைத் தேடும் சோனார் ஆகிய கருவிகளுடன் அவருக்குப் பரிச்சயம் ஏற்பட்டது. அலையொன்றை அனுப்பி அதன் எதிரொலியைக் கொண்டு கண்ணுக்குப் புலப்படாத பொருளின் இருப்பிடத்தை அறியலாம் என்ற எண்ணம் அவருள் பதிந்தது. போர் முடிந்த பின்னர் இலண்டனில் பணியாற்றுகையில், மூச்சுத்திணறலுடன் பிறக்கும் குழந்தைகளுக்கான செயற்கைச் சுவாசக் கருவிகளை வடிவமைப்பதில் ஈடுபட்டார். கருவிகள்மீது அவருக்கிருந்த மோகத்தைக் கண்ட சகாக்கள் அவரைப் பைத்தியக்கார டொனால்ட் எனக் கேலி செய்ததுண்டு.

1954இல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தின் மகப்பேற்று மருத்துவப் பேராசிரியராக அவர் நியமனம் பெற்றார். அதே காலப்பகுதியில், மார்பகக் கட்டிகளை ஒலியலைகளால் ஆராய்ந்துகொண்டிருந்த ஜோன் வைல்ட் என்ற சத்திரசிகிச்சை நிபுணரின் விரிவுரையை இலண்டனில் கேட்க நேர்ந்தது. வைல்ட் இங்கிலாந்தில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றியவர். திண்மக் கட்டியும் திரவம் நிறைந்த கட்டியும் ஒலியலைக்கு வெவ்வேறு விதமாக எதிரொலி தரும் என்பதை அவ்விரிவுரையில் அறிந்த டொனால்ட், பெண்களின் வயிற்றுக் கட்டிகளையும் இவ்வாறே பிரித்தறியலாமே எனச் சிந்தித்தார்.

கிளாஸ்கோ அப்போது கப்பல் கட்டும் தளங்களும் கொதிகலன் தொழிற்சாலைகளும் நிறைந்த கைத்தொழில் நகரம். பாரிய உலோகத் தகடுகளிலும் பற்றவைப்புகளிலும் உள்ளே மறைந்திருக்கும் வெடிப்புகளைக் கண்டறிவதற்கு அங்குள்ள பொறியியலாளர்கள் ஒலியலைக் கருவிகளையே பயன்படுத்தி வந்தனர். டொனால்டின் சிகிச்சையால் குணமடைந்த பெண்ணொருவரின் கணவர், அருகிலுள்ள றென்புறூ நகரில் இயங்கிய பாப்கொக் அன்ட் வில்கொக்ஸ் கொதிகலன் நிறுவனத்தின் பணிப்பாளர்களுள் ஒருவராக இருந்தார். அவர் மூலம் கிடைத்த அனுமதியுடன் 1955 ஜூலை 21ஆம் திகதி டொனால்ட் அந்தத் தொழிற்சாலைக்குச் சென்றார். கார்களின் பின்பெட்டிகளில் அவர் எடுத்துச் சென்றவை, சத்திரசிகிச்சைகளில் அகற்றப்பட்ட கருப்பைக் கட்டிகளும் சூலக நீர்க்கட்டிகளும் ஆகும். ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு நிறுவனத்தினர் ஒரு பெரிய மாட்டிறைச்சித் துண்டை வைத்திருந்தனர். கொதிகலனைச் சோதிக்கும் கருவியை அக்கட்டிகள்மீது வைத்தபோது, திரவக் கட்டிக்கும் திண்மக் கட்டிக்கும் இடையிலான வேறுபாடு திரையில் ஐயந்திரிபறத் தெரிந்தது. அன்று மாலையில் தமது வாழ்நாள் பணி எதுவென்பதை அவர் அறிந்துகொண்டார் எனலாம்.

இக்கருவியின் தத்துவத்தைச் சற்று விளக்குவது பொருந்தும். மனிதச் செவி செக்கனுக்கு ஏறத்தாழ 20,000 அதிர்வுகள் வரையான ஒலியையே கேட்கும். எமது பாடநூல்கள் கழியொலி எனக் குறிப்பிடும் அல்ட்ராசவுண்ட், மருத்துவப் பயன்பாட்டில், செக்கனுக்குப் பல இலட்சக்கணக்கான அதிர்வுகளைக் கொண்டது. உடலின் மென்மையான இழையங்களினூடாக அது செக்கனுக்குச் சுமார் 1540 மீற்றர் வேகத்தில் செல்கிறது. ஓர் இழையத்திலிருந்து தன்மையில் மாறுபட்ட இன்னோர் இழையத்தைச் சேரும் எல்லையில் ஒரு பகுதி எதிரொலியாகத் திரும்புகிறது. பத்துச் சென்ரிமீற்றர் ஆழத்திலுள்ள எல்லையில் பட்டுத் திரும்புவதற்கு, ஒரு செக்கனின் பத்தாயிரத்தில் ஒரு பங்கைவிடச் சற்று அதிகமான நேரமே தேவை. அந்நேரத்தை அளந்தால் ஆழம் தெரியும். எலும்பு பலமான எதிரொலியைத் தரும். நீர் எதிரொலி எதனையும் தராமல் ஒலியைக் கடந்துசெல்ல விடும். சிசு, பனிக்குட நீரில் மிதக்கும் மெல்லிய எலும்புக்கூட்டினைக் கொண்ட உயிர். ஆதலால் இம்முறைக்கு அதனைவிடப் பொருத்தமான பொருளை மனித உடலில் காண்பது அரிது.

ஆனால் தொடக்கம் இலகுவாக அமையவில்லை. டொனால்டுக்கு முதலில் கிடைத்தது வேறொரு வைத்தியசாலையில் பயன்படுத்திக் கழிக்கப்பட்ட பழைய உலோகச் சோதனைக் கருவியே. அண்மையிலுள்ள உறுப்புகளின் எதிரொலியை அது பதிவுசெய்யாது. எனவே நோயாளியின் வயிற்றின்மீது நீர் நிரப்பிய பாத்திரத்தை நிறுத்தி, அந்நீரினூடாக ஒலியைச் செலுத்த வேண்டியிருந்தது. அடிக்கடி நீர் சிந்தி நோயாளியும் கட்டிலும் வைத்தியரும் நனைந்தனர். இவ்வேளையில்தான் கெல்வின் அன்ட் ஹியூஸ் என்ற நிறுவனத்தின் இளம் பொறியியலாளர் டொம் பிரவுண் கதையில் நுழைகிறார். இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த அவர், தமது நிறுவனத்தின் கருவியொன்றை ஒரு பேராசிரியர் மனிதர்கள்மீது பரீட்சிக்கிறார் என்ற செய்தியைச் சக ஊழியரிடமிருந்து கேள்வியுற்று, தாமாகவே டொனால்டைத் தொலைபேசியில் அழைத்தார். நிறுவனத்தின் மேலிடம் பிரவுணின் நேரத்தையும் 500 பவுணையும் இந்த முயற்சிக்கென ஒதுக்கியது.

அதுவரை திரையில் தெரிந்தவை மேலும் கீழும் எழும் கோடுகள் மாத்திரமே. ஒலி அனுப்பும் முனையைத் தோலின்மீது நகர்த்தி, எத்திசையிலிருந்து எந்த எதிரொலி வருகிறது என்பதைப் பதிவுசெய்தால், வயிற்றைக் குறுக்கே வெட்டிப் பார்ப்பது போன்ற படத்தைப் பெறலாம் என பிரவுண் கருதினார். நோயாளி உணவருந்தும் கட்டில் மேசையொன்றையும், சிறுவர் விளையாடும் மெக்கானோ உதிரிப்பாகங்களையும்கூடப் பயன்படுத்தி அவர் முதற்கருவியை அமைத்தார். தோலுக்கும் கருவிக்கும் இடையில் காற்றுப் புகாதிருக்க ஒலிவ் எண்ணெய் பூசப்பட்டது. இன்று பூசப்படும் குளிர்ந்த ஜெல்லின் முன்னோடி அதுவே. டொனால்ட், பிரவுண் ஆகியோருடன் மூன்றாமவராகப் பணியாற்றியவர் ஜோன் மக்விகார் என்ற இளம் வைத்தியர். பேராசிரியரின் பெயர் உலகெங்கும் பரவிய அளவுக்குப் பொறியியலாளரின் பெயர் பரவவில்லை. நோயறியும் கருவிகளின் வரலாற்றில் இது வழமையாக நடப்பதுதான் என்றாலும், பிரவுண் இன்றி டொனால்டின் எண்ணம் நனைந்த கட்டிலுடனேயே நின்றுபோயிருக்கும் என்பதை மறுப்பதற்கில்லை.

1957இல் நடந்த ஒரு சம்பவம் ஐயுறவு கொண்டிருந்தவர்களின் வாயை அடைத்தது. வயிறு வீங்கி, உடல் மெலிந்து, வாந்தியெடுத்துக்கொண்டிருந்த பெண்ணொருவருக்கு இரைப்பையில் புற்றுநோய் முற்றிவிட்டது எனச் சத்திரசிகிச்சைப் பேராசிரியர் முடிவு செய்திருந்தார். செய்வதற்கு எதுவுமில்லை என்பதே அதன் பொருள். அப்பெண்ணை ஒலியலைக் கருவியால் பரிசோதித்தபோது, வயிற்றை நிறைத்திருந்தது பரவலான நீர் அல்ல, தெளிவான சுவரைக் கொண்ட ஒரே பெரிய கட்டி எனத் தெரியவந்தது. டொனால்ட் சத்திரசிகிச்சை செய்து, தீங்கற்ற பாரிய சூலக நீர்க்கட்டியொன்றை அகற்றினார். மரணத்தை எதிர்பார்த்துப் படுத்திருந்த பெண் சுகமாக வீடு திரும்பினார். அதன் பின்னர் கிளாஸ்கோ வைத்தியர்கள் தாமாகவே நோயாளர்களை அனுப்பத் தொடங்கினர்.

1958 ஜூன் 7ஆம் திகதி லான்செட் மருத்துவச் சஞ்சிகையில் டொனால்ட், மக்விகார், பிரவுண் ஆகிய மூவரின் கட்டுரை வெளியானது. வயிற்றுக் கட்டிகளைப் பற்றிய அக்கட்டுரையில், கருவிலிருக்கும் சிசுவின் ஒலியலைப் படங்களும் இடம்பெற்றிருந்தன. அது வெளிவந்த காலச்சூழலும் முக்கியமானது. அதுவரை கருவைக் காண்பதற்கு எக்ஸ் கதிர்ப் படமே வழியாக இருந்தது. கர்ப்ப காலத்தில் எக்ஸ் கதிருக்கு உட்பட்ட தாய்மாரின் பிள்ளைகளிடையே புற்றுநோய் மரணங்கள் அதிகம் என்பதை ஒக்ஸ்போர்ட்டைச் சேர்ந்த வைத்தியர் அலிஸ் ஸ்டுவர்ட் 1956இலும் 1958இலும் வெளிப்படுத்தினார். வைத்தியர்கள் அதனை ஏற்றுக்கொள்ளப் பல ஆண்டுகள் தயங்கினர். எனினும், கதிர்வீச்சு இல்லாத வழியொன்று தேவை என்ற உணர்வு வளர்ந்தது. ஒலியலை தீங்கற்றதா என்ற கேள்வியை டொனால்ட் தாமே எழுப்பி, விலங்குகளில் பரீட்சித்துப் பார்த்தார். ஸ்கேன் செய்வதால் பிள்ளைக்குப் பாதிப்பு வருமோ என அஞ்சும் தாய்மார் எம்மிடையே இன்றும் உள்ளனர். அதில் எக்ஸ் கதிர் எதுவும் இல்லை என்பதையும், மருத்துவத் தேவைக்காகச் செய்யப்படும் பரிசோதனைகளில் கருவுக்குத் தீங்கு நிரூபிக்கப்படவில்லை என்பதையும் அவர்கள் அறிந்துகொள்வது நல்லது.

சிசுவின் தலையோட்டிலிருந்து வரும் எதிரொலி தெளிவாக அமைவதைக் கண்ட குழுவினர், தலையின் குறுக்களவை அளந்து சிசுவின் வளர்ச்சியை மதிப்பிடத் தொடங்கினர். ஜேம்ஸ் வில்லொக்ஸ் என்ற வைத்தியர் இதில் முன்னின்றார். 1960களின் தொடக்கத்தில் இன்னொரு வாயில் திறந்தது. சிறுநீர்ப்பை நிறைந்திருக்கும் பெண்ணில், குடலிலுள்ள வாயு ஒதுக்கப்பட்டு, நீரினூடாகக் கருப்பை துலக்கமாகத் தெரிவதை டொனால்ட் கவனித்தார். சில வாரங்களேயான கருப்பையையும் அதனுள் உள்ள கருவையும் இதன் மூலம் காண முடிந்தது. ஸ்கேனுக்கு வருமுன் நிறையத் தண்ணீர் குடித்துவிட்டுக் காத்திருக்கும்படி எமது தாய்மாரிடம் கூறப்படும் அறிவுரை அன்று கிளாஸ்கோவில் பிறந்ததாகும்.

1964இல் டொனால்டின் ஆலோசனையுடன் வடிவமைக்கப்பட்ட குயின் மதர்ஸ் மகப்பேற்று வைத்தியசாலை கிளாஸ்கோவின் யோர்க்ஹில் பகுதியில், சிறுவர் வைத்தியசாலைக்கு அருகில் திறக்கப்பட்டது. குறையுடன் பிறக்கும் குழந்தைக்கு உடனடிச் சிகிச்சை கிடைக்க வேண்டும் என்ற நோக்கில் அந்த அமைவிடம் மிகவும் பொருத்தமானது. அங்கே பணியாற்றிய ஹியூ றொபின்சன் 1970களின் தொடக்கத்தில், ஏழு வார அளவிலேயே கருவின் இதயத்துடிப்பை ஒலியலையால் கண்டறிந்தார். உச்சியிலிருந்து இடுப்பு வரையான நீளத்தை அளந்து கருவின் வயதைச் சில நாட்கள் வித்தியாசத்துக்குள் கணிக்கும் முறையை 1973இல் வெளியிட்டார். வயதைச் சரியாக அறிவதில் என்ன இருக்கிறது எனச் சிலர் நினைக்கலாம். 16 வாரக் கருவில் இயல்பாக இருக்கும் அளவு, 20 வாரக் கருவில் பெருங்குறையின் அறிகுறியாக இருக்கும். திகதி பிழைத்தால் நோயறிதலும் பிழைக்கும்.

குறைபாட்டைக் கருவிலேயே கண்டறியும் காலம் இவ்வாறுதான் வந்தது. கிளாஸ்கோவில் டொனால்டின் குழுவிடம் தொழில் கற்ற ஸ்டுவர்ட் கம்பெல், பின்னர் இலண்டன் குயின் சார்லட்ஸ் வைத்தியசாலைக்குச் சென்று தலையளவை முறையை மேலும் செம்மைப்படுத்தினார். ஒரு கருவில் எவ்வளவு தேடியும் தலையோட்டின் எதிரொலி கிடைக்கவில்லை. மூளையின் பெரும்பகுதியும் தலையோடும் உருவாகாத அனென்செபலி எனும் குறைபாடு அது. அத்தகைய குழந்தை பிறந்தாலும் சில மணித்தியாலங்களிலோ சில நாட்களிலோ இறந்துவிடும். 17ஆவது வாரத்தில் இதனைக் கண்டறிந்து, கர்ப்பத்தை முடிவுக்குக் கொண்டுவந்த செய்தியை கம்பெல் குழுவினர் 1972இல் லான்செட்டில் வெளியிட்டனர். 1975இல் முதுகெலும்பு பிளவுபட்ட ஸ்பைனா பிபிடா குறைபாட்டையும் அவர்கள் இவ்வாறே கண்டறிந்தனர். எடின்பரோவில் டேவிட் புறொக், இக்குறைபாடுகளின்போது பனிக்குட நீரில் ஒருவகைப் புரதம் மிகையாக இருப்பதை 1972இல் காட்டினார்.

அதன் தொடர்ச்சியாக ஒரு நற்செய்தியும் வந்தது. நரம்புக்குழாய்க் குறைபாட்டுடன் ஒரு பிள்ளையைப் பெற்ற தாய்மார், அடுத்த கருத்தரிப்புக்கு முன்பிருந்தே போலிக் அசிட் குளிசை உட்கொண்டால் அது மீண்டும் ஏற்படுவது 72 சதவீதம் குறைகிறது என்பதை 1991இல் பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிச் சபை பல நாடுகளில் நடத்திய ஆய்வு நிறுவியது. கருவின் நரம்புக்குழாய் கருத்தரித்து நான்கு வாரங்களுக்குள் மூடிவிடுகிறது. மாதவிடாய் தள்ளிப்போனதை அறிந்து கிளினிக்குக்குச் செல்லும்போது அந்தக் காலம் பெரும்பாலும் கடந்துவிடும். ஆகவே குளிசையைத் திருமணத்துடனேயே, கருத்தரிக்க எண்ணும்போதே தொடங்க வேண்டும். இந்த ஒரு செய்தி எமது வாசகர் குடும்பமொன்றுக்கேனும் பயன்பட்டால் மகிழ்ச்சி.

ஸ்கேன் எல்லாவற்றையும் காட்டிவிடும் என்ற நம்பிக்கையும் திருத்தப்பட வேண்டியதே. உறுப்புகளின் வடிவத்தையே அது காட்டுகிறது. 18 முதல் 22 வாரங்களுக்கிடையில் செய்யப்படும் விரிவான ஸ்கேனில் தலை, முதுகெலும்பு, இதயத்தின் அறைகள், சிறுநீரகங்கள், வயிற்றுச் சுவர், கைகால்கள் ஆகியன ஒவ்வொன்றாக ஆராயப்படுகின்றன. அனென்செபலி பெரும்பாலும் தவறுவதில்லை. இதயக் குறைபாடுகளில் கணிசமானவை தேர்ச்சி பெற்றவரின் கண்ணுக்கும் தப்பிவிடுகின்றன. டவுண் சிண்ட்ரோம் போன்ற நிறமூர்த்தக் குறைபாடுகளை ஸ்கேன் மூலம் உறுதிப்படுத்த முடியாது. சிசுவின் கழுத்தின் பின்புறத்தில் தேங்கும் திரவத்தின் தடிப்பை 11 முதல் 14 வாரங்களில் அளந்து, ஆபத்தின் வாய்ப்பு எவ்வளவு என மதிப்பிடலாம். இலண்டனில் கிப்ரோஸ் நிக்கோலைடிஸ் 1992இல் இம்முறையை வெளியிட்டார். தாயின் இரத்தத்தில் கருவின் மரபணுத் துணுக்குகள் மிதப்பதை 1997இல் டெனிஸ் லோ கண்டறிந்ததன் பயனாக 2011 முதல் புதிய இரத்தப் பரிசோதனைகளும் வந்துள்ளன. இவையும் வாய்ப்பையே கூறும். உறுதி செய்வதற்குப் பனிக்குட நீரையோ நச்சுக்கொடியின் சிறுபகுதியையோ ஊசி மூலம் எடுத்து நிறமூர்த்தங்களை ஆராய வேண்டும். அதனால் கரு கலைந்துவிடும் சிறு ஆபத்தும் உண்டு. சந்தேகம் வேறு, நோயறிதல் வேறு என்பதைப் பெற்றோருக்குப் பொறுமையாக விளக்க வேண்டிய கடமை வைத்தியர்களுக்கு உண்டு. நெரிசல் மிகுந்த கிளினிக்குகளில் அதற்கு நேரம் கிடைப்பதில்லை என்பதும் நாமறிந்ததே.

இனி டொனால்டின் மனத்தை உறுத்திய விடயத்துக்கு வருவோம். 1967இல் பிரித்தானியப் பாராளுமன்றம் கருக்கலைப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. பிறக்கவிருக்கும் குழந்தை பாரதூரமான ஊனத்துடன் பிறக்கும் அபாயம் இருப்பதும் அச்சட்டத்தில் ஒரு காரணமாக ஏற்கப்பட்டது. ஆழ்ந்த கிறிஸ்தவ நம்பிக்கை கொண்ட டொனால்ட் அச்சட்டத்தை வெளிப்படையாக எதிர்த்தார். தாயின் உயிருக்கு ஆபத்து நேரும் நிலைகளில் கருக்கலைப்பை அவர் முற்றாக நிராகரித்தவர் அல்லர். ஆனால் கரு என்பது வைத்தியரின் இன்னொரு நோயாளி என்பதில் அவர் உறுதியாக இருந்தார். தமது கருவி அசையும் கருவைக் காட்டியபோது, அந்தக் காட்சியே தமது வாதத்துக்குச் சான்று என நம்பினார். கருக்கலைப்பை நாடி வந்த பெண்களுக்கு அவர்களது கருவின் ஸ்கேன் படத்தைக் காட்டுவதும் அவரது வழக்கமாக இருந்தது.

இச்செயலை எவ்வாறு மதிப்பிடுவது? கருவின்மீது அவருக்கிருந்த பரிவில் பொய்யில்லை. எனினும், துயரத்துடன் வந்து நிற்கும் பெண்ணின் முன் படத்தைக் காட்டுவது தகவல் அளிப்பதா, மனத்தை நெருக்குவதா என்ற வினா எழுகிறது. அவர் எல்லை கடந்தார் என்பதே எமது அபிப்பிராயம். மறுபுறத்தில், குறைபாட்டைக் கண்டறிந்தவுடன் கலைப்பதே அடுத்த படி என்ற எண்ணம் மேல்நாடுகளில் இயல்பாகிவிட்டதைக் குறித்து அவர் கொண்டிருந்த கலக்கம் காரணமற்றதும் அல்ல.

எமது நாட்டின் நிலைமை வேறானது. 1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவை, தாயின் உயிரைக் காப்பதற்காகவன்றிக் கருக்கலைப்பை அனுமதிப்பதில்லை. கருவிலேயே உறுதிசெய்யப்படும் கொடிய குறைபாடுகளுக்கும் வன்புணர்வால் ஏற்படும் கர்ப்பத்துக்கும் விலக்களிக்கும் யோசனை 2017இல் முன்வைக்கப்பட்டபோது சமயத் தரப்புகளின் எதிர்ப்பினால் அது முன்னேறவில்லை. இஸ்லாமிய சட்ட அறிஞர்களிடையே இது நீண்டகாலமாக ஆராயப்பட்ட விடயமாகும். 1990இல் மக்காவில் கூடிய இஸ்லாமிய பிக்ஹ் சபை, தகுதிவாய்ந்த வைத்தியர் குழுவொன்று சிகிச்சையளிக்க முடியாத பாரதூரமான குறைபாட்டை உறுதிசெய்தால், பெற்றோரின் வேண்டுகோளின் பேரில், கருவுற்று 120 நாட்கள் நிறைவடையும் முன்னர் கலைக்கலாம் எனவும், அதன் பின்னர் தாயின் உயிருக்கு ஆபத்து இருந்தாலன்றிக் கூடாது எனவும் தீர்மானித்தது. கத்தோலிக்க திருச்சபை எந்நிலையிலும் இதனை ஏற்பதில்லை.

சட்டம் இவ்வாறிருக்கக் குறைபாட்டை முன்கூட்டியே அறிவதால் என்ன பயன் என்று கேட்போர் உளர். பயன் உண்டு. இதயத்தின் பெருநாடிகள் இடம்மாறி அமைந்த குழந்தை பிறந்த சில மணித்தியாலங்களிலேயே நீலம்பாரித்து ஆபத்துக்குள்ளாகலாம். அது தூரத்து வைத்தியசாலையொன்றில் எதிர்பாராது பிறப்பதற்கும், சிகிச்சை வசதியுள்ள இடத்துக்கு அருகில் திட்டமிட்டுப் பிறப்பதற்கும் இடையிலான வேறுபாடு உயிருக்கும் மரணத்துக்கும் இடையிலான வேறுபாடாகவே அமையக்கூடும். குடல் வயிற்றுக்கு வெளியே வளர்ந்த குழந்தைக்கும் இது பொருந்தும். குணப்படுத்த முடியாத குறையாயின், பெற்றோர் தம்மைத் தயார்படுத்திக்கொள்ளவும், பிறக்கும் குழந்தையை அது வாழும் வரை அமைதியாக ஏந்திக்கொள்ளவும் அவகாசம் கிடைக்கிறது. கண்டறிந்ததைத் தாயிடமிருந்து மறைத்துக் கணவரிடமோ மாமியாரிடமோ மாத்திரம் கூறும் பழக்கம் எமது சமூகங்களில் உண்டு. அது கைவிடப்பட வேண்டும்.

அயல்நாடான இந்தியாவில் இதே கருவி பெண் சிசுக்களை இனங்கண்டு அழிக்கப் பயன்பட்டதும், 1994இல் அதனைத் தடுக்கும் சட்டம் இயற்றப்பட்டதும் தெரிந்ததே. கிளாஸ்கோவில் கட்டில் மேசைமீது கருவியைப் பொருத்தியபோது டொனால்டோ பிரவுணோ இதனைக் கற்பனை செய்திருக்க மாட்டார்கள்.

டொனால்டின் உடல்நிலை நெடுங்காலம் சீராக இருக்கவில்லை. இதய வால்வு நோயினால் அவதிப்பட்ட அவர் மூன்று பெரிய இதய சத்திரசிகிச்சைகளுக்கு உட்பட்டார். முதலாவது 1961இல் நடைபெற்றது. ஒவ்வொரு தடவையும் தேறிவந்து மீண்டும் பிரசவ அறைக்கும் ஆய்வுகூடத்துக்கும் திரும்பினார். 1955இல் அவர் எழுதி வெளியிட்ட, மகப்பேற்று மருத்துவத்தின் நடைமுறைச் சிக்கல்கள் பற்றிய நூல் பல பதிப்புகளைக் கண்டது. அவரது மறைவுக்குப் பின்னரும் இந்தியாவில் திருத்திய பதிப்புகளாக வெளிவந்து, தெற்காசிய மருத்துவ மாணவர் பலரின் கைகளில் தவழ்ந்தது. 1973இல் சி.பி.ஈ. விருது பெற்ற அவர் 1976இல் பல்கலைக்கழகத்திலிருந்து ஓய்வு பெற்று, இங்கிலாந்தின் எசெக்ஸ் பிரதேசத்திலுள்ள பகிள்ஷம் என்ற கரையோரக் கிராமத்தில் குடியேறினார். பாய்மரப் படகோட்டுவதும் நீர்வர்ண ஓவியம் தீட்டுவதும் தாயாரிடமிருந்து பெற்ற பியானோ இசையும் அவரது பொழுதுகளை நிறைத்தன.

1987 ஜூன் 19ஆம் திகதி, 76ஆவது வயதில், அவர் காலமானார். பகிள்ஷம் கிராமத்தின் சென். பீற்றர்ஸ் தேவாலய வளவிலே அடக்கம் செய்யப்பட்டார். அவர் கட்டியெழுப்பிய குயின் மதர்ஸ் வைத்தியசாலை 2010 ஜனவரியில் மூடப்பட்டு, அதன் சேவைகள் கிளாஸ்கோவின் ஏனைய வைத்தியசாலைகளுக்கு மாற்றப்பட்டன. ஒவ்வொரு கர்ப்பிணித் தாய்க்கும் 24ஆவது வாரத்துக்கு முன்னர் ஒரு ஸ்கேனாவது செய்யப்பட வேண்டும் என 2016இல் உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைத்தது.